மடியில் வைத்த பிள்ளை

தோட்டத்து வரிசை வீடுகளான எங்கள் லயத்தின் முன்பக்கத்துக்கு மட்டும் சுண்ணாம்பு அடித்தார்கள். கேமராவில் விழாத பின்பக்கம் பாசியும் கரியுமாக அப்படியே கிடந்தது. அறுபதுகளின் தொடக்கம். அக்கரப்பத்தனைப் பக்கம் இருந்த எங்கள் தோட்டத்துக்கு, தேயிலைத் தொழிலாளர் வாழ்க்கையைப் படமெடுக்கக் கொழும்பிலிருந்து ஆட்கள் வந்திருந்தார்கள். வந்தவர்கள் முதலில் செய்தது அந்த வாழ்க்கையை மாற்றியதுதான். கொழுந்து பறிக்கிற பெண்களுக்குப் புதுச்சேலை கொடுத்து, நனையாமலிருக்க இடுப்பில் சுற்றும் படங்கை அவிழ்க்கச் சொன்னார்கள். யாரும் வாயைத் திறந்துவிடாதபடி மலையில் வேலையை மேற்பார்க்கிற கண்டாக்கு ஐயா வேறு எங்களையே கவனித்துக்கொண்டு நின்றார். எனக்குச் சிரிப்பும் எரிச்சலும் சேர்ந்து வந்தன.

மடியில் பிள்ளையோடு வாசலில் உட்கார ஒரு தாய் வேண்டுமென்று என் அண்ணியைத் தேர்ந்தெடுத்தார்கள். அண்ணிக்குத் தலைகால் புரியவில்லை. தவழத் தொடங்கியிருந்த மகனைக் குளிப்பாட்டி, மை தீட்டி, தூக்கிக்கொண்டு வந்தாள். அவனை அதுவரை ஒரு போட்டோகூட எடுத்ததில்லை. இதிலாவது அவன் முகம் பதியட்டும் என்பதுதான் அவள் ஆசை. படக்காரர் அவனை ஏற இறங்கப் பார்த்தார். ரொம்ப மெலிந்திருக்கிறானாம். தோட்டத்து ஆபீஸ் கிளாக்கர் ஐயா வீட்டுக் கொழுகொழுப் பிள்ளையை வாங்கி வந்து அண்ணியின் மடியில் வைத்தார்கள். அவள் மகனை என்னிடம் கொடுத்துக் கேமராவுக்குப் பின்னால் போகச் சொன்னார்கள்.

அண்ணியைச் சிரிக்கச் சொன்னார்கள். அவளுக்கு வரவில்லை. அதட்டியும் பார்த்தார்கள். அந்த நேரம் என் இடுப்பிலிருந்த பயல் அம்மாவைக் கண்டு கையைத் தட்டிக் கெக்கலித்தான். அண்ணி நிமிர்ந்து பார்த்துச் சிரித்தாள். படக்காரருக்கு ஒரே சந்தோசம்.

அடுத்த மழைக்காலத்துக் காய்ச்சலில் அண்ணியின் பிள்ளை போய்விட்டான். அதைப் பற்றி எழுத இப்போதும் எனக்குத் தெம்பில்லை.

பிறகொரு நாள், காலையில் எங்களுக்கு வேலை பிரித்துக் கொடுக்கும் பெரட்டுக்களத்தில் வெள்ளைத் துணி கட்டி அந்தப் படத்தைக் காட்டினார்கள். சனம் தங்கள் தங்கள் முகத்தைத் தேடிக் கூத்தடித்தது. அண்ணியின் சிரிப்பு வந்ததும், அடுத்தவள் பிள்ளையை வைத்துக்கொண்டு என்னமாய் நடித்திருக்கிறாள் என்று பக்கத்து வீட்டுக்காரி கேலி செய்தாள். போய்விடலாமென்று அண்ணியின் கையைப் பிடித்தேன். அவள் நகரவில்லை.

இன்று எந்தப் படத்தில் யார் சிரித்தாலும், அவர்கள் கண் எங்கே போகிறதென்றுதான் பார்க்கிறேன். அன்று அதை நான்கூட யோசிக்கவில்லை.

படம் முடிந்தது. தோட்டத்துத் துரைக்கு முன்னால் தலை நிமிராத அண்ணி எழுந்து, நேரே படம் ஓட்டுகிறவரிடம் போனாள்.

"ஐயா, நான் சிரிக்கிறத மட்டும் இன்னொருக்கா போடுங்க. மடியில இருக்கிறது எம் புள்ள இல்லங்க. நான் பாக்குறேன்ல, அங்கதான் இருக்கான்."