ஏழாவது ஆள்

புஸ்பராணி, திருகோணமலை நீதவான் நீதிமன்றத்தின் எழுதுவினைஞர். பத்தொன்பது வருடங்களில் ஒரு வழக்கேட்டைக்கூடத் தொலைத்ததில்லை. அலுமாரியைத் திறக்காமலே எந்த ஏடு எந்தத் தட்டில் இருக்கிறதென்று சொல்லிவிடுவார்.

தடைசெய்யப்பட்ட தங்கூசி வலையால் மீன் பிடித்தவர்களின் வழக்குகளை அங்கே ஒன்றாகவே கூப்பிடுவார்கள். எல்லோரும் கூண்டில் வரிசையாக நிற்க, குற்றச்சாட்டு ஒருமுறை வாசிக்கப்படும். எல்லோரும் ஒரே குரலில் “ஓம்” என்பார்கள். ‘குற்றத்தை ஒப்புக்கொண்டார்’ என்ற இறப்பர் முத்திரையைப் புஸ்பராணி காலையிலேயே ஏடுகளில் குத்தி வைத்துவிடுவார். மார்ச் பதினோராம் திகதி ஏழு ஏடுகள், ஏழு முத்திரைகள். ஏழாவது, இறக்கக்கண்டி றம்ஸானுடையது. நீதவான் ஒப்பமிட, றம்ஸானின் படகு அரசுடைமையானது.

மே மாதத்தில் றம்ஸானின் மனைவி ஸல்ஹா, சட்டத்தரணி சோமசேகரத்துடன் பதிவறைக்கு வந்தார். கையில் இறப்புச் சான்றிதழ். பிடிபட்ட படகு நீதிமன்ற வளவில் கிடந்ததால், றம்ஸான் வேறொருவரின் படகில் தொழிலுக்குப் போய், மார்ச் மூன்றாம் திகதி கடலில் மூழ்கி இறந்திருந்தார்.

“மவுத்தாகி எட்டாம் நாள் வந்து குற்றத்த ஒப்புக்கொண்டாராம் மிஸ். ஊட்டுக்கு வராத மனிசன் கோட்டுக்கு மட்டும் வந்தாரா?”

“ஒப்புக்கொண்ட வழக்கில மேன்முறையீடு ஏலாது தங்கச்சி” என்றார் சோமசேகரம். “மேல் நீதிமன்றத்தில மீளாய்வுதான் கேக்கலாம். அங்கயும் சும்மா கை வைக்கமாட்டினம். ஏட்டில இருக்கிறதுதான் நடந்தது எண்டு எடுப்பினம். செத்தது வேற றம்ஸான் எண்டு அரச தரப்பு சொல்லும். கீழ நடந்த முறையே பிழை எண்டு ஆராவது சத்தியக்கடதாசி தரவேணும்.”

பேசும்போது அவர் புஸ்பராணியைப் பார்க்கவில்லை. மேசைமேல் இருந்த முத்திரையைப் பார்த்தார்.

எழுதிக் கொடுத்தால் புஸ்பராணியின் வேலை போகலாம். அது ஒரு பயம். மற்றப் பயம் அதைவிடப் பெரிது. கூண்டில் நிற்கும் தலைகளை எண்ணிப் பார்ப்பது அவர் வழக்கம். மார்ச் பதினோராம் திகதி ஏழு தலைகள் இருந்தன. கடைசியில் நின்றவரின் பச்சைக் கட்டச் சாரத்திலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. மழையாக்கும் என்று யன்னலைப் பார்த்தார். வெளியே வெயில் எரிந்தது.

“பிள்ளை, அவர் கடைசியாக் கடலுக்குப் போகேக்க என்ன உடுத்திருந்தவர்?”

“பச்சக் கட்டம் போட்ட சாரம். ஏன் மிஸ்?”

புஸ்பராணி முத்திரையை எடுத்து மேசை லாச்சிக்குள் வைத்துப் பூட்டினார்.

இரண்டு நாட்களின் பின் சத்தியக்கடதாசியில் கையெழுத்திட்டார். ‘ஆட்கள் கூண்டில் ஏறுமுன்பே முத்திரையைக் குத்தினேன்’ என்று அதில் இருந்தது. எத்தனை பேர் நின்றார்கள் என்று எழுதவில்லை.

கீழ் நீதிமன்றக் கட்டளை தனக்குப் பிடிக்கவில்லை என்பதற்காக மேல் நீதிமன்றம் தலையிடாது என்றது தீர்ப்பு. ஆனால் கேட்கப்படாத ஒருவரைக் கேட்டதாக ஏடு சொல்லும்போது தலையிடாமல் இருக்கவும் முடியாது. கட்டளை நீக்கப்பட்டது. புஸ்பராணிக்கு ஒழுக்காற்று விசாரணைக் கடிதம் வந்தது.

ஓகஸ்ட்டில் ஸல்ஹாவின் தம்பி றிஸ்வி, மூன்று பேருடன் படகை எடுக்க வந்தார். மாதக்கணக்காக மழையில்லை. ஆனாலும் படகின் கீழ் மண் கறுத்து ஈரமாயிருந்தது.

“நாலு பேரால தூக்கேலாது, போய் ஆள் கொண்டு வாங்கோ” என்று காவலாளி சிரித்தார்.

படகு இலேசாக எழும்பியது.

“பின்னுக்கு நல்லாப் பிடிச்சாச்சா?” என்றார் முன்னால் நின்ற றிஸ்வி.

“ஓம்” என்றது பின்னாலிருந்து ஒரு குரல்.

பதிவறை யன்னலில் நின்ற புஸ்பராணி, அன்று மட்டும், தலைகளை எண்ணவில்லை. யன்னலைச் சாத்திக் கொளுக்கியை மாட்டினார்.