ரீத்தா வீட்டில் பொட்டலம் கிடையாது

நைனார்பாளையத்தில் இறங்கி ரீத்தா வீடு எது என்று கேட்டால் சிலர் கையை நீட்டிக் காட்டுவார்கள், சிலர் மூக்கைப் பிடித்துக் காட்டுவார்கள். மூக்கைப் பிடிக்கிறவர்கள்தான் ஈஸ்டருக்கு முதல்நாள் விடிவதற்குள் தூக்குவாளியோடு பன்றிக்கறிக்கு அவள் வாசலில் வந்து நிற்கிறவர்கள். யாருக்குத் தொடைக்கறி, யாருக்குக் கொழுப்பு ஜாஸ்தி வேண்டும் என்பதெல்லாம் அவளுக்கு அத்துப்படி. ஆனால் அதை வெளியே சொல்லிக்காட்டமாட்டாள். தராசில் ஒரு துண்டு கூடவே போட்டு அனுப்புவாள்.

கல்வராயன் மலையடிவாரத்தில், கச்சிராயபாளையம் பக்கம் பிறந்தவள். வியாகுலத்தைக் கட்டிக்கொண்டு இங்கே வந்தபோது அவர் டிராக்டர் ஓட்டிக்கொண்டிருந்தார். மரவள்ளிக் கிழங்கை ஜவ்வரிசி ஆலைக்கு ஏற்றிப் போவார், வெறும் வண்டியோடு திரும்புவார். ஒருநாள் கூடவே போன ரீத்தா, ஆலைக்குப் பின்னால் குவிந்து கிடந்ததைப் பார்த்தாள். கிழங்கில் பாலைப் பிழிந்த பிறகு மிஞ்சுகிற சக்கை. திப்பி என்பார்கள்.

"இத இன்னா பண்ணுவாங்க?"

"மாட்டுக்குப் போடுவாங்க. பன்னிக்கும் போடலாம்."

அவ்வளவுதான் பேச்சு. திரும்பும்போது வண்டி வெறும் வண்டியாக வரவில்லை. பின்னால் திப்பி. அடுத்த வாரமே வீட்டுக்குப் பின்னால் இரண்டு வெண்பன்றிக் குட்டிகள். வியாகுலம் தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்ததையும், மாமியார் ஒரு மாதம் மருமகளோடு பேசாமல் இருந்ததையும் ரீத்தா பொருட்படுத்தவில்லை. இன்றைக்கு சிமெண்ட் தரை போட்ட கொட்டகை வரிசையாக நிற்கிறது. காலையும் மாலையும் குழாய் பிடித்துக் கழுவிவிடுகிறாள். குட்டி ஏற்றும் வண்டியையும் அவளே ஓட்டுகிறாள். அந்தக் கொட்டகை வருமானத்தில்தான் மகள் ஜெனிபர் சேலத்தில் நர்சிங் படித்து அங்கேயே ஆஸ்பத்திரியில் வேலையும் பார்க்கிறாள். அந்த வம்சத்திலேயே முதல் பட்டம். பட்டமளிப்பு விழாப் படத்தை வாசற்கதவைத் திறந்ததும் கண்ணில் படுகிற இடத்தில்தான் ரீத்தா மாட்டியிருக்கிறாள்.

இத்தனையும் செய்தவளுக்கு ஒன்று மட்டும் கைகூடவில்லை. பன்றி வளர்க்கிற வீடு என்று அவள் வீட்டில் யாரும் கை நனைப்பதில்லை.

அவர்கள் சர்ச்சுப் பங்கில் அக்கம்பக்கத்து வீடுகளைச் சேர்த்து அன்பியம் என்று ஒரு குழு உண்டு. மாதம் ஒரு வீட்டில் கூடுவார்கள். ஜெபமாலை சொல்லி, பைபிள் வாசித்து, ஊர்க்கதை பேசி, வீட்டுக்காரர்கள் கொடுப்பதைச் சாப்பிட்டுவிட்டுக் கலைவார்கள். போன முறை ரீத்தா வீட்டில் கூடியபோது ஜெபம் அமர்க்களமாக நடந்தது. பாட்டும் உச்சத்தில் போனது. டீ வந்ததும்தான் ஒவ்வொருவருக்கும் வயிறு நிறைந்துவிட்டது.

"இப்பதான் குடிச்சிட்டு வந்தேன்."

"எனக்கு சுகர் ஏறிக்கினு கெடக்குதுக்கா."

"சுண்டலா? கேஸ் ஆவும்மா."

ஒரு குண்டான் டீயும் ஒரு அண்டா சுண்டலும் அன்று பன்றிகளுக்குப் போயின. "அதுங்க மட்டும்தான்யா இந்தத் தெருவுல மரியாதை தெரிஞ்சதுங்க" என்று சொல்லிக்கொண்டே ஊற்றினாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். வியாகுலம் மட்டும் சிரிக்கவில்லை.

இப்போது மறுபடி அவள் வீட்டு முறை வந்திருந்தது. இந்த முறை அவர்கள் சாப்பிட்டே தீரவேண்டும் என்று ரீத்தா முடிவு கட்டிவிட்டாள்.

"பேசாம பிஸ்கட் பாக்கெட் வாங்கி வெச்சிடு" என்றார் வியாகுலம். "பிரிக்காத பாக்கெட்டுன்னா எடுத்துக்குவாங்க."

"கடை பிஸ்கட்ட தின்றதுக்கு கடைக்குப் போவட்டும். என் வூட்டுக்கு எதுக்கு வரணும்?"

"பின்ன இன்னா குடுக்கப் போற?"

"பன்னிக்கறி."

வியாகுலத்துக்குப் புரையேறியது.

"டீயே குடிக்காதவன் கறி தின்னுவானா? உனக்கு இன்னா புத்தி கெட்டுப்போச்சா?"

"டீய வேணான்னு சொல்றது ஈஸி. நான் செய்யப்போறத வேணான்னு சொல்லட்டும் பாக்கலாம்."

கால்நடைப் பயிற்சிக்கு ஒருமுறை போய் வந்திருந்தாள். அங்கே கற்றுக்கொண்டதுதான் பேக்கன். வயிற்றுப் பகுதிக் கறியில் உப்பும் வெல்லமும் அழுத்தித் தேய்த்து, ஒரு வாரம் ஃபிரிட்ஜில் வைத்து, எடுத்துத் துடைத்து, புகை காட்டிப் பக்குவப்படுத்துகிற கறி. அதைத் தாள் மாதிரி நறுக்கி, காய்த்துண்டைச் சுற்றிச் சுட்டால் ஆயிற்று. பயிற்சியில் பீன்ஸ்காயைச் சுற்றிக் காட்டினார்கள். பீன்ஸ் எதற்கு? தன்னை ஆளாக்கிய மரவள்ளி இருக்கும்போது வேறு காய் எதற்கு என்று ரீத்தா நினைத்தாள்.

அதற்கு முதல் வேலையாக, அன்பியத் தலைவர் மார்ட்டினிடம் போய் நின்றாள். கூட்டுறவுச் சங்கத்தில் எழுத்தராக இருந்து ஓய்வு பெற்றவர். வெள்ளிக்கிழமைக் கூட்டத்தைச் சனிக்கிழமைக்கு மாற்றச் சொல்லிக் கேட்டாள்.

"ஏம்மா, வெள்ளிக்கெழம இன்னா?"

"என் பொண்ணு சனிக்கெழமதாண்ணே வர்றா."

அது உண்மைதான். வெள்ளிக்கிழமை யாரும் கறி தொடமாட்டார்கள் என்பதும் உண்மைதான். இரண்டில் ஒன்றைத்தான் சொன்னாள்.

சனிக்கிழமை காலைக்குள் எல்லாம் தயார். இரும்பு டிரம்மில் பலாச்சிராய் போட்டுப் புகை காட்டிய கறி கருஞ்சிவப்பாக மினுமினுத்தது. அதை ஃப்ரீசரில் வைத்து, அரை உறைச்சலாக இருக்கும்போதே எடுத்து, கத்தியைத் தீட்டி, நீள நீளமாக இழைத்து, டப்பாவில் அடுக்கி ஃபிரிட்ஜில் வைத்தாள். பிறகு சின்னசேலம் ஸ்டேஷனுக்குப் போய் மகளைக் கூட்டிக்கொண்டு, அப்படியே சந்தையில் குடமிளகாயும் வாங்கிக்கொண்டு திரும்பினாள்.

அடுப்படியில் வியாகுலம் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தார். எதிரே ஒரு பேசின். பேசின் நிறைய மஞ்சள் தண்ணீர். தண்ணீரில் ஒரு வார உழைப்பு மிதந்துகொண்டிருந்தது.

"இன்னாய்யா பண்ற?" ரீத்தாவின் குரலே மாறிப்போயிருந்தது.

"கறியக் கழுவாம வெச்சிருந்தியே. வர்றவங்க யாராச்சும் சுத்தமில்லன்னு ஒரு வார்த்த சொல்லிட்டா? மஞ்சளு, கல்லுப்பு போட்டு மூணு தண்ணி அலசிட்டேன். இனிமே எவனும் வாயத் தொறக்க முடியாது."

முகமெல்லாம் பெருமையாக நிமிர்ந்து பார்த்தார்.

"யப்பா!" என்று ஜெனிபர் நெற்றியில் அடித்துக்கொண்டாள். "பேக்கன எவனாச்சும் கழுவுவானாப்பா? உப்பு, வெல்லம், புகை எல்லாம் போச்சே. ஈரமா இருந்தா மொறுமொறுன்னு வராது. துணி மாதிரி தொங்கும்."

வியாகுலத்தின் முகம் சுருங்கிப்போனது. பேசினைப் பார்த்தார், மனைவியைப் பார்த்தார். ஈரக்கையை வேட்டியில் துடைக்கவும் தோன்றவில்லை.

ரீத்தாவுக்குக் கோபம் உச்சந்தலைக்கு ஏறத்தான் செய்தது. ஆனால் அந்த மனிதர் எதற்காகக் கழுவினார் என்பதும் தெரிந்தது. போன முறை டீயைப் பன்றிக்கு ஊற்றியபோது சிரிக்காமல் நின்றவர் அவர். ஒரு சொல் வந்துவிடக்கூடாதே என்று மூன்று தண்ணீர் அலசியிருக்கிறார்.

"யம்மா, பஜ்ஜி போட்டுடலாமா? மாவு இருக்குது" என்றாள் ஜெனிபர்.

"பஜ்ஜியா? பஜ்ஜிய வேணான்னு சொல்ல அவங்களுக்கு எவ்ளோ நேரம் ஆவும்?" ரீத்தா புடவையை இழுத்துச் செருகினாள். "அந்த வெள்ள வேட்டிய எடுத்துக்கினு வா. ஃபேன ஃபுல்லா வையி. யோவ், நீ குந்திக்கினு இருக்காத. ஒவ்வொண்ணா பிரிச்சிப் போடு. கிழிச்சிடாத."

மூவரும் கறி இழைகளை வேட்டியில் பரப்பினார்கள். மேலே இன்னொரு வேட்டியைப் போட்டு ஒற்றியெடுத்தார்கள். ஈரம் போயிற்று. பிசுபிசுப்பு மட்டும் நின்றது. ரீத்தா மிளகை இடித்துத் தூவினாள். பிறகு பரண்மேல் இருந்த டப்பாவை எடுத்தாள். மரவள்ளி மாவு. அப்பளத்துக்கு வாங்கி வைத்தது.

"இது எதுக்கும்மா?"

"ஈரத்த இழுத்துக்கும். சூட்டுல கல்லு மாதிரி புடிச்சிக்கும். வருமா வராதான்னு ஒண்ணு சுட்டுப் பாத்துடலாம்."

மரவள்ளியை விரல் நீளத்துக்கு வெட்டி, உடையாத பதத்தில் உப்புப் போட்டு வேகவைத்து வடித்தாள். ஒரு கிழங்குத் துண்டு, கூடவே நீளமாக அரிந்த குடமிளகாய் ஒன்று. இரண்டையும் சேர்த்துப் பிடித்து, மாவு தூவிய கறியை இழுத்துச் சுற்றினாள். பிரிந்துவிடாமல் ஈர்க்குச்சியை ஒடித்துக் குத்தினாள். சுற்று முடிகிற பக்கம் கீழே இருக்கும்படி தோசைக்கல்லில் வைத்து, அடுப்பைச் சிறுதீயில் விட்டாள். எண்ணெய் ஊற்றவில்லை. கறியே தன் கொழுப்பை இறக்கியது. முதலில் முணுமுணுத்தது, பிறகு சடசடத்தது. அடி சிவந்ததும் புரட்டிப் புரட்டி நாலு பக்கமும் காட்டினாள்.

ஜெனிபர் ஊதி ஊதிக் கடித்தாள். கடித்த சத்தம் வெளியே கேட்டது. மேலே மொறுமொறு, உள்ளே கிழங்கு மாவு மாவாக உதிர்ந்தது.

"யம்மா" என்றாள் வாய் நிறைய. "அப்பா கழுவலன்னா இது வந்திருக்காது."

"அவருக்கு ஜாஸ்தி எடம் குடுக்காத" என்றாள் ரீத்தா. வியாகுலம் அதற்குள் அடுத்த ஈர்க்குச்சியை ஒடிக்க ஆரம்பித்திருந்தார்.

சாயங்காலம் கூட்டம் கூடியது. கூடத்தில் பாய் விரித்து, மாதா படத்துக்கு முன்னால் மெழுகுவர்த்தி ஏற்றி, மார்ட்டின் ஜெபமாலையைத் தொடங்கினார். பத்துப் பத்து மணியாக ஐந்து சுற்றில் முதல் இரண்டும் நிதானமாகப் போயின. மூன்றாவதில் அடுப்படியிலிருந்து வாசனை எழுந்தது. புகையும் மிளகும் கொழுப்பும் கலந்த வாசனை. பின்வரிசையில் ஒருவர் எச்சில் விழுங்கியது முன்வரிசைக்குக் கேட்டது. நாலாவதில் மார்ட்டினின் குரல் வேகம் பிடித்தது. ஐந்தாவதில் 'அருள் நிறைந்த மரியே' சொல்லி முடிப்பதற்குள் மற்றவர்கள் 'ஆமென்' சொல்லிவிட்டார்கள். அன்றைக்கு வாசகத்துக்கு விளக்கம் எதுவும் கேட்கப்படவில்லை.

ரீத்தா பெரிய தட்டைக் கொண்டுவந்து நடுப்பாயில் வைத்தாள். சுட்ட சுருள்கள் பொன்னிறத்தில் அடுக்கடுக்காக உட்கார்ந்திருந்தன.

"இன்னாம்மா இது, மஞ்சளா இருக்குது?" என்றார் மார்ட்டின்.

ரீத்தா வாயைத் திறப்பதற்குள் வியாகுலம் முந்திக்கொண்டார். "மரவள்ளிண்ணே. மேல சுத்தியிருக்கிறது நம்ம பன்னிக்கறி. மஞ்ச போட்டு மூணு தண்ணி கழுவினது. நானே கழுவினேன்."

யாரும் தட்டைத் தொடவில்லை. ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். போன முறை சுகர் ஏறியவரும் கேஸ் ஆனவரும் என்ன சொல்வது என்று யோசித்துக்கொண்டிருந்தார்கள். அந்த வாசனைக்கு முன்னால் பொய் அவ்வளவு லேசில் வாயில் வரவில்லை.

எதிர்வீட்டு ஜெயசுதாதான் வழி கண்டுபிடித்தாள். ஈஸ்டர் தூக்குவாளிகளில் முதல் தூக்குவாளி அவளுடையது.

"ரீத்தாக்கா, நாலஞ்சு பொட்டலம் கட்டிக் குடேன். பசங்களுக்கும் ஆச்சு. வூட்டுல போய் சாப்ட்டுக்கிறேன்."

"ஆமா ஆமா, எனக்கும்" என்று நாலைந்து குரல் சேர்ந்தது. எல்லோர் முகத்திலும் தெளிவு வந்தது. பொட்டலம் என்றால் மானமும் போகாது, கறியும் கிடைக்கும்.

ஜெனிபர் பழைய பேப்பர் எடுக்க எழுந்தாள். ரீத்தா அவள் தோளைப் பிடித்து உட்காரவைத்தாள்.

"பொட்டலம் கெடையாது ஜெயா."

"ஏன்க்கா?"

"எத்தன வருசமா தூக்குவாளி ரொப்பி அனுப்பினேன். கறி உன் வூட்டுக்கு வந்துச்சு, நீ என் வூட்டுக்கு வரல. இது ஆறிப்போனா தோலு மாதிரி ஆயிடும். சூடா இருக்கும்போது இங்க குந்தி சாப்புடறதுக்குத்தான் செஞ்சேன். சாப்புடறவங்க சாப்புடுங்க. முடியலன்னா எழுந்து போங்க, நான் ஒண்ணும் நெனச்சிக்கமாட்டேன். ஆனா கையில குடுத்து அனுப்பமாட்டேன்."

குரலை உயர்த்தவில்லை. கொட்டகைக் கதவைச் சாத்துகிற மாதிரி சொல்லி முடித்தாள். வியாகுலம் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். எழுந்து போனால் போகட்டும், அதற்கும் ரீத்தா தயார்தான்.

ஜெயசுதா பாதி எழுந்தவள். அந்த நிலையிலேயே ரீத்தாவைப் பார்த்தாள், தட்டைப் பார்த்தாள். தட்டில் இன்னும் சடசடப்பு அடங்கவில்லை. மெல்ல உட்கார்ந்து, ஈர்க்குச்சியைப் பிடித்து ஒன்றை எடுத்தாள். ஊதினாள். கடித்தாள்.

கூடமே அவள் தாடையைப் பார்த்தது.

அவள் மென்று, விழுங்கி, இன்னொரு கடி கடித்துவிட்டுத்தான் பேசினாள்.

"உப்பு கம்மி."

"இன்னாது?" என்றாள் ரீத்தா.

"கறியில உப்பு கம்மிக்கா. மொளகாத் தூளு கொஞ்சம் போட்டிருக்கலாம். கெழங்கு நல்லா வெந்திருக்குது, அத சொல்லணும்."

"என் வூட்டுல குந்தி என் கறியத் தின்னுட்டு எனக்கே கொற சொல்றியாடி?"

"கொற சொல்லாம பின்ன? வாயில வெச்சவதான சொல்ல முடியும்?"

"நகரு, நான் பாத்து சொல்றேன்" என்று மார்ட்டின் கையை நீட்டினார். ஒன்றை வாயில் போட்டவர், உப்பு சரியாகத்தான் இருக்கிறது என்று தீர்ப்புச் சொன்னார். பின்வரிசை அதை ஒத்துக்கொள்ளவில்லை. ஒத்துக்கொள்ளாததை நிரூபிக்க ஆளுக்கு ஒன்று எடுத்தது. சுகர்காரர் கிழங்குதான் சுகருக்கு ஆகாது என்று கறியை மட்டும் உரித்துத் தின்றார். உப்பு கம்மியா இல்லையா என்று கூடம் இரண்டாகப் பிரிந்து சத்தம் போட்டது.

"அடுத்த மாசம் உன் வூட்டுலதான கூட்டம்?" என்றாள் ரீத்தா ஜெயசுதாவிடம். "நீ செய்யி. நான் வந்து குந்தி, தின்னுட்டு, கொற சொல்றேன்."

"வாயேன். பேக்கன நீதான் தரணும். சுத்தறதுக்கும் நீதான் வரணும். எனக்கு அது வராது."

"காலையிலயே வந்துடுறேன்."

தட்டு காலியாகியிருந்தது, வியாகுலம் அடுப்படிக்குப் போயிருந்தார். அடுப்படிப் பக்கம் திரும்பி ரீத்தா குரல் கொடுத்தாள். "யோவ், அடுத்த கல்லு போடு. இந்தத் தடவ மொளகாத் தூளு தூவு."