மிக்லோஷ் அண்ணையின் தலை

மிக்லோஷ் அண்ணை இறந்துவிட்டார் என்று எனக்கு முதலில் அறிவித்தது அவர் விளையாடிய கழகம்தான். வேலை இடைவேளையில் கோப்பியோடு உட்கார்ந்து கைப்பேசியைத் திறந்தேன். கழகத்தின் முகநூல் பக்கத்தில் அவருடைய பழைய படம் ஒன்று. நெற்றியைச் சுற்றி வெள்ளைக் கட்டு, அதில் ஊறித் தெரியும் இரத்தம், வாய் நிறையச் சிரிப்பு. கீழே, "எங்கள் சுவர் சாய்ந்துவிட்டது. தலையைக் கொடுத்து எங்களைக் காத்தவர்" என்று எழுதி ஒரு சிவப்பு இதயமும் போட்டிருந்தார்கள்.

உடனே அவருடைய மனைவி ஆக்னெஸை அழைத்தேன். அவர் அழவில்லை. "ஹங்கேரியில் இருக்கும் அவருடைய தம்பிக்கே நான் இன்னும் சொல்லவில்லை. இவர்களுக்கு யார் சொன்னது?" என்று மட்டும் கேட்டார்.

அன்று மாலைக்குள் உங்களில் பலருடைய பக்கங்களிலும் அதே படம் வந்துவிட்டது. ஹொல்ஸ்டெப்ரோவிலும் சுற்றியுள்ள ஊர்களிலும் அவரோடு உதைபந்து விளையாடியவர்கள் நீங்கள். அவரை "அண்ணை" என்று கூப்பிட்டவர்கள். அதனால் உங்களுக்கே இதை எழுதுகிறேன். சில மாதங்கள் கழித்து எழுதுகிறேன். அன்றே எழுதியிருந்தால் அச்சில் ஏற்ற முடியாத சொற்கள் வந்திருக்கும். இரங்கல் எழுதும்போது குரலைத் தாழ்த்த வேண்டும் என்பார்கள். இப்போதும் என் குரல் தாழவில்லை.

மிக்லோஷ் பிறந்தது ஹங்கேரியின் வடக்கே ஒரு நிலக்கரி ஊரில். தகப்பனும் தகப்பனின் சகோதரர்களும் சுரங்கத்தில் இறங்கி உழைத்தவர்கள். இவர் பள்ளிக்கூடம் முடிக்கும் முன்பே சுரங்கத் தொழிலாளர் அணியின் பின்வரிசையில் நின்றார். அங்கிருந்து புடாபெஸ்ட்டில் ஒரு பெரிய கழகம், பிறகு சில ஆட்டங்களுக்கு நாட்டின் சிவப்புச் சட்டை. கிழக்கு ஐரோப்பாவின் எல்லைகள் திறந்தபோது இங்கே டென்மார்க்கில், மேற்கு யூலாந்தில் இரண்டாம் பிரிவில் ஆடிக்கொண்டிருந்த கழகம் ஒன்று அவரை அழைத்தது. ஆக்னெஸும் கைக்குழந்தையும் ஒரு பழைய காருமாக வந்து சேர்ந்தார்.

இங்குள்ள காற்று உங்களுக்குத் தெரியும். கடலில் இருந்து புறப்பட்டால் தடுக்க ஒரு மேடுகூடக் கிடையாது. அந்தக் காற்றில் எதிரணிகள் பந்தை உயரத் தூக்கி அடித்துவிட்டு, அது விழும் இடத்துக்கு ஓடுவார்கள். விழும் இடத்தில் மிக்லோஷின் நெற்றி இருக்கும். ஆட்டத்தில் மட்டுமா? பயிற்சியிலும் அதேதான். ஒருவர் மாறி ஒருவர் உதைக்க, இவர் நடுவில் நின்று முட்டித் திருப்பிக்கொண்டே இருப்பார். மழையில் ஊறிய பந்து கல்லைப் போல வரும். பார்வையாளர்கள் "சுவர்! சுவர்!" என்று கத்துவார்கள். நானும் கத்தியிருக்கிறேன். நான் யாழ்ப்பாணத்துக் குருநகர்க்காரன், ஊரில் கோல் காத்தவன். என் முன்னால் அப்படி ஒருவன் நின்றிருந்தால் எவ்வளவு நிம்மதியாக இருந்திருக்கும் என்று நினைத்ததுண்டு.

அவரை நேரில் அறிந்தது கோயிலில். இங்குள்ள கத்தோலிக்கக் கோயிலுக்கு நாங்களும் வியட்நாம்காரரும் போலந்துக்காரரும்தான் அதிகம் வருவோம். ஒரு ஞாயிறு பூசையில் கடைசி வாங்கில் எனக்குப் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். முன்னால் இடம் இருக்கிறதே என்று கையைக் காட்டினேன். "பின்வரிசைதான் என் இடம்" என்றார். எங்கள் இருவருக்குமே அப்போது டேனிஷ் சரியாக வராது. ஒருவர் பிழையை மற்றவர் கண்டுகொள்ளாததால் நன்றாகக் கதைக்க முடிந்தது. அவர் சொன்னவற்றை இங்கே என் தமிழில் தருகிறேன்.

அந்தப் படத்துக்கு வருகிறேன். அது எடுக்கப்பட்ட நாள் நான் மைதானத்தில் இருந்தேன். எதிரணியின் கோர்னர் பந்துக்கு இரண்டு பேர் ஒன்றாக எழும்பினார்கள். தலையும் தலையும் மோதிய சத்தம் எங்கள் படிக்கட்டு வரை கேட்டது. மிக்லோஷ் கை இரண்டும் விறைத்தபடி விழுந்து கிடந்தார். குளிர்ந்த தண்ணீர் ஊற்றினார்கள். மூக்கருகில் ஏதோ பிடித்தார்கள். நெற்றியைச் சுற்றிக் கட்டினார்கள். எழுந்து நின்றதும் பயிற்சியாளர் முதுகில் தட்டி உள்ளே அனுப்பினார். மிக்லோஷ் ஓடினார். ஓடிப்போய் எதிரணியின் கோல் முன்னால், எதிரணிக்காரர்களோடு, காவலுக்கு நின்றார். மைதானம் முழுவதும் சிரித்தது. ஒருவர் வந்து தோளைப் பிடித்துத் திருப்பிவிட்டார். கடைசி விசில் வரை விளையாடினார். பிறகுதான் அந்தச் சிரிக்கும் படத்தை எடுத்தார்கள்.

அன்று அவர் வீட்டுக்குப் போய்ச் சப்பாத்தைக் கழற்றத் தெரியாமல் கதிரையில் உட்கார்ந்திருந்தாராம். ஆக்னெஸ் கழற்றிவிட்டார். "நாங்கள் வென்றோம் என்பதைப் பத்திரிகையில் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன்" என்று மிக்லோஷ் பிறகு என்னிடம் பகிடியாகச் சொன்னார். அதே வாரத்திலேயே பயிற்சிக்குக் கூப்பிட்டார்கள். போனார். அடுத்த ஆட்டத்திலும் இறக்கினார்கள். அந்தப் படத்தைத்தான் கழகம் சட்டகம் போட்டு வாசலில் மாட்டியது. அதைத்தான் நீங்களும் பகிர்ந்தீர்கள். ஒரு மனிதனுக்குத் தான் யார் என்றே தெரியாமல் இருந்த நேரத்தை எடுத்து வீரம் என்று பெயர் வைத்தோம்.

முழங்கால் விட்டுப்போனதும் கழகமும் அவரை விட்டது. நான் வேலை செய்த யன்னல் தொழிற்சாலைக்கே அவரும் வந்தார். கண்ணாடி தூக்கும் பிரிவில் இருவரும் எதிரெதிரே நிற்போம். இயந்திரச் சத்தம் கூடினால் முகம் வெளிறிக் கண்ணை மூடிக்கொள்வார். மாத்திரையைத் தண்ணீர் இல்லாமலே விழுங்குவார். வைத்தியரிடம் காட்டச் சொன்னால், "சுரங்கக்காரனுக்கு இருமல், எனக்குத் தலையிடி" என்று முடித்துவிடுவார்.

அப்போதுதான் அவர் நமது தமிழ் அணிக்கு வந்தார். டோஸ்ட்ருப்பில் இருந்து வந்த அணியோடு நடந்த கோடைப் போட்டி நினைவிருக்கிறதா? அவர்களுடைய தலைவர் நடுவரிடம் பாய்ந்தார்.

"உதென்ன விளையாட்டு? தமிழாக்களின்ரை போட்டியிலை வெள்ளைக்காரனை இறக்கியிருக்கிறியள்!"

நடுவர் மிக்லோஷைப் பார்த்து, "அண்ணை, நீங்கள் தமிழரோ?" என்று தமிழிலேயே கேட்டார்.

மிக்லோஷ் நெஞ்சை நிமிர்த்தி, "ஓம். நான் குருநகர்" என்றார்.

நான் ஒரு கிழமையாகச் சொல்லிக்கொடுத்த வசனம். மைதானமே விழுந்து விழுந்து சிரித்தது. பாய்ந்து வந்த தலைவரும் சிரித்துவிட்டு, "சரி, ஆள் விளையாடட்டும்" என்று போனார். அன்று எங்கள் வலைக்குள் ஒரு கோலும் விழவில்லை. ஒவ்வொரு கோர்னருக்கும் முன்னால் அவர் திரும்பி, கோலில் நின்ற என்னைப் பார்த்து, "நான் இருக்கிறேன்" என்பார். அவரைப் பற்றிக் கோபமில்லாமல் நினைக்க எனக்கு மிஞ்சியிருப்பது அந்த ஒரு நாள்தான்.

அறுபது வயதாகும் முன்பே அவருக்குச் சொற்கள் தவறத் தொடங்கின. முதலில் டேனிஷ் போனது, பிறகு வீட்டு வழி. ஒருநாள் பிரெடெரிசியா ரயில் நிலையத்தில் இருந்து பொலிஸ் அழைத்தது. சுரங்க ஊருக்குப் போகும் ரயில் எது என்று எல்லோரிடமும் ஹங்கேரிய மொழியில் கேட்டுக்கொண்டிருந்தாராம். அமைதியான மனிதர் தட்டைத் தூக்கி எறிந்தார். ஆக்னெஸின் கையைப் பிடித்து முறுக்கிவிட்டு, ஏன் அழுகிறாய் என்று அவரையே கேட்டார்.

பெரிய ஆஸ்பத்திரிக்கு நானும் கூடப் போனேன். வைத்தியர், இளம் பெண், பொறுமையாகக் கேட்டார்: "வாழ்நாளில் எத்தனை தடவை பந்தைத் தலையால் அடித்திருப்பீர்கள்?"

மிக்லோஷுக்கு அன்று நல்ல நாள். சிரித்தார். "மழையில் எத்தனை துளி என்று கேட்கிறீர்கள்" என்றார்.

உயிரோடு இருக்கும்போது உறுதியாகச் சொல்ல முடியாது என்றும், மூளையை வெட்டிப் பார்த்தால்தான் தெரியும் என்றும், ஆனால் தலையில் பட்ட அடிகள்தான் காரணம் என்று தான் பலமாகச் சந்தேகிப்பதாகவும் வைத்தியர் விளக்கினார்.

ஆக்னெஸ் கழகத்துக்குப் போனார். என்னையும் அழைத்துப் போனார். அவர் ஒரு சதமும் கேட்கவில்லை. கழகத்தின் மற்றப் பழைய ஆட்டக்காரர்களுக்கு இதைச் சொல்லுங்கள், சிறு பிள்ளைகளின் பயிற்சியில் தலையடியை நிறுத்துங்கள் என்றுதான் கேட்டார். கழகத் தலைவர் கோப்பியும் கேக்கும் வைத்து, தலையைச் சாய்த்துக் கேட்டுக்கொண்டிருந்தார்.

"அந்தக் காலத்தில் யாருக்கு இதெல்லாம் தெரியும்?" என்றார். "மறதி எல்லோருக்கும் வருகிறது. என் அம்மாவுக்கும் வந்தது. அவர் வாழ்க்கையில் பந்தைத் தொட்டதே இல்லை."

ஆக்னெஸ் கோப்பியைத் தள்ளி வைத்தார். "உங்கள் அம்மா மயங்கி விழுந்தபோது யாரும் தண்ணீர் ஊற்றித் திரும்ப மைதானத்துக்குள் அனுப்பவில்லை" என்றார்.

தலைவர் என்னைப் பார்த்தார். ஏதாவது இதமாகச் சொல்வேன் என்று எதிர்பார்த்தாரோ என்னவோ. நான் எழுந்து ஆக்னெஸின் மேலங்கியை எடுத்துக் கொடுத்தேன்.

இதற்குப் பிறகும் கழகத்தின் ஆண்டு விழாவுக்கு அவரை அழைத்தார்கள். ஆக்னெஸுக்கு மனமில்லை. ஆனால் மைதானம் என்ற சொல்லைக் கேட்டதும் மிக்லோஷின் முகம் மலர்ந்தது. நடுவில் போய் நின்று கையை அசைத்தால் போதும் என்று சத்தியம் செய்தார்கள். நான் அவர் கையைப் பிடித்துக் கூட்டிப்போனேன். ஒலிபெருக்கியில் பெயரைச் சொன்னதும் எல்லோரும் எழுந்து நின்றார்கள். அவர் கையை அசைத்தார். நான் திரும்பிக் கூட்டிவரப் பார்த்தேன். அந்த நேரம் மைக் வைத்திருந்தவர், "சுவர் இன்னும் நிற்கிறதா, பார்ப்போமா?" என்று கேட்டுக்கொண்டே ஒரு பந்தை அவர் முகத்துக்கு நேரே எறிந்தார்.

காலையில் கரண்டியை எந்தப் பக்கம் பிடிப்பது என்று தெரியாதிருந்த மனிதர். பந்து வருவதைக் கண்டதும் கழுத்து நிமிர்ந்தது, பாதம் சரியாகப் பிரிந்தது, நெற்றியின் நடுவால் அடித்து நேராகத் திருப்பி அனுப்பினார். மைதானம் ஆரவாரித்தது. "இன்னொன்று! இன்னொன்று!" என்று கத்தினார்கள். மைக்காரர் மறுபடியும் எறிந்தார்.

நான் குறுக்கே பாய்ந்து பந்தைப் பிடித்தேன். நெஞ்சோடு அணைத்துக்கொண்டேன். "பந்தைக் கொடுங்கள், விளையாட்டுக்குத்தானே" என்று மைக்காரர் கையை நீட்டினார். முடியாது என்றேன். "நண்பருக்குப் பந்தில் ஆசை போலிருக்கிறது" என்று மைக்கில் சொன்னார். அதற்கும் சிரித்தார்கள். மிக்லோஷ் என் தோளில் தட்டி, "நல்ல பிடி" என்றார். பிறகு, "இப்போது யார் முன்னால் நிற்கிறார்கள், நாமா அவர்களா?" என்று கேட்டார். நாம்தான் என்றேன். ஆக்னெஸ் படிக்கட்டில் முகத்தைக் கைகளால் மூடிக்கொண்டு இருந்தார்.

நமது தமிழ் நண்பர்கள் சிலரும் அன்று அங்கே நின்றார்கள். வெளியே வரும்போது ஒருவர் என்னிடம், "ஏன் அண்ணை குழப்பினனீங்கள்? ஆள் சந்தோசமாய்த்தானே நிண்டவர்" என்றார். ஓம், சந்தோசமாகத்தான் நின்றார். அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

மூளையை ஆய்வுக்குக் கொடுப்பது ஆக்னெஸின் முடிவு என்று உங்களில் சிலர் குறைசொன்னீர்கள். "கோயிலுக்குப் போற சனம், உடம்பை முழுசாய்ப் புதைக்க வேண்டாமோ?" என்ற கதை என் காதுக்கும் வந்தது. அது மிக்லோஷின் முடிவு. இன்னும் தெளிவு இருந்த காலத்தில், என் முன்னாலேயே வைத்தியரிடம் கேட்டுக்கொண்டார். "அவர்கள் கேட்டபோதெல்லாம் தலையைக் கொடுத்தேன். கடைசியாக ஒருமுறை உங்களுக்குத் தருகிறேன். நீங்கள் கவனமாக வைத்திருப்பீர்கள்" என்றார். வைத்தியருக்குக் கண் கலங்கியது. மிக்லோஷ் அவருக்கு ஆறுதல் சொன்னார்.

அடக்கத்தின் அன்று கழகத் தலைவர் சவப்பெட்டியின் மேல் போர்த்துவதற்குக் கழகக் கொடியோடு கோயில் வாசலுக்கு வந்தார். ஆக்னெஸ் வழியில் நின்றார். "உள்ளே வாருங்கள். மிக்லோஷுக்காக மன்றாடுங்கள். அது மட்டும் வெளியே இருக்கட்டும்" என்றார். தலைவர் கொடியை மடித்துக் காருக்குள் வைத்துவிட்டு வந்து, தலையைக் குனிந்தபடி இருந்தார்.

சென்ற மாதம் ஆய்வின் முடிவு வந்தது. ஆக்னெஸ் என்னைக் கூப்பிட்டு, வைத்தியர் சொன்னதைத் திருப்பிச் சொன்னார். அடிகளால் வந்த நோய்தான். மிகவும் முற்றியிருந்தது. முதிய குத்துச்சண்டைக்காரரிடம் காண்பதைப் போல இருந்தது. கழகத்துக்கும் அறிவித்தோம். இது சிக்கலான விடயம், குடும்பத்தின் துயரில் பங்குகொள்கிறோம் என்று பதில் வந்தது. அந்தப் படம் இன்னும் வாசலில் தொங்குகிறது. பிள்ளைகள் அதற்குக் கீழேதான் சப்பாத்து மாற்றுகிறார்கள்.

நமது சங்கத்திலும் பேசிப் பார்த்தேன். சனிக்கிழமைப் பயிற்சியில் பிள்ளைகளுக்குத் தலையடி வேண்டாம் என்றேன். "உங்கட ஆளுக்கு வந்தது எல்லாருக்கும் வருமோ?" என்று கேட்டார்கள். ஒரு தகப்பன், "பெடியள் பயந்து வளரக் கூடாது" என்றார். அவருடைய மகள் கதவடியில் நின்று, பந்தைத் தலையால் அடித்த பிறகு தனக்குத் தலை இடிக்கிறது என்று டேனிஷில் சொன்னாள். தகப்பன் திரும்பிப் பார்த்தார். அதற்குப் பிறகு அவர் வாதாடவில்லை. இப்போதைக்கு நிறுத்தியிருக்கிறார்கள். இப்போதைக்கு என்றுதான் சொன்னார்கள்.

மிக்லோஷ் அண்ணைக்கு யார்மேலும் கோபம் இருக்கவில்லை. ஏன் இல்லை என்று, அவரைக் கடைசியில் சேர்த்திருந்த முதியோர் இல்லத்தில் ஒருநாள் கேட்டேன். நெடுநேரம் சொல் தேடினார். "பின்வரிசையில் நிற்பவன் கோபப்பட்டால் இடத்தை விட்டு ஓடிவிடுவான். பின்னால் காவல் இல்லாமல் போய்விடும்" என்றார். நான் கேட்ட அவருடைய கடைசி முழு வசனம் அது.

சுவாமியாரும் என் மனைவியும் இனிக் கோபத்தை விடச் சொல்கிறார்கள். அண்ணையிடமிருந்து எனக்கு வந்து சேர்ந்தது அதுதான். அவர் வாழ்நாள் முழுவதும் எடுத்துப் பாவிக்காமல் வைத்திருந்த கோபம். அதை நான் விடப் போவதில்லை. நான் பின்வரிசைக்காரன் இல்லை, கோல் காத்தவன். என் இடத்தை விடாமல் நின்றபடியே கத்த எனக்குத் தெரியும். சனிக்கிழமை தோறும் மைதானத்துக்குப் போகிறேன். எந்தப் பிள்ளையின் தலைக்காவது பந்து உயர்ந்து வந்தால், தொண்டை கிழியக் கத்துகிறேன்: "விடு! பந்து போகட்டும், விடு!"