கருவாடு மணத்த ஸம்ஸம்

கொழும்பு அருங்காட்சியகம் ஒன்றில் ஹஜ் பயணத்தைப் பற்றிக் கண்காட்சி நடக்கிறதென்று மகள் என்னை இழுத்துக்கொண்டு போனாள். வாசலிலேயே அத்தர் மணம் மூக்கில் ஏறியது. பழைய கப்பல் படங்கள், தைக்காத வெள்ளைத் துணி, கடைசியில் கண்ணாடிப் பெட்டிக்குள் ஒரு பிளாஸ்டிக் கேன். மக்காவிலிருந்து ஹாஜிமார் ஸம்ஸம் என்ற புனிதத் தண்ணீர் கொண்டுவருவது. துடைத்துப் பளிச்சென்று வைத்திருந்தார்கள். எனக்குக் கோபம் வந்தது. எனக்கு எதற்குத்தான் கோபம் வராது, அது வேறு கதை. ஆனால் அதை ஊர் சேர்க்க ஒரு மனிதன் பட்ட பாட்டை யார் எழுதி ஒட்டுவது?

தொண்ணூறுகளின் நடுவில் வவுனியாவில் அரிசி மில் ஒன்றில் மூட்டை தூக்கினேன். வீடு செட்டிகுளத்தில். மலைநாட்டுக் கலவரத்தில் அடிபட்டு ஓடிவந்து அங்கே காடு வெட்டிக் குடியேறியவர்கள் நாங்கள். அடுத்த வளவில் சைக்கிள் கடை நானா; முஸ்லிம் அண்ணன்மாரை அங்கே அப்படித்தான் கூப்பிடுவோம். அவரும் மனைவியும் சேர்ந்து ஹஜ் போகவிருந்த நேரம் மனைவிக்குப் பாரிசவாதம் வந்தது. "நீங்க போங்க. எனக்கு ஒரு வாய் ஸம்ஸம் கொண்டாந்தாப் போதும்" என்று படுக்கையிலிருந்தே அனுப்பிவிட்டார்.

நானா திரும்பிய அன்று மாலை இருவரும் ஒரே பஸ்ஸில் வந்தோம். வழியில் இராணுவச் சோதனைச் சாவடி. எல்லோரும் இறங்கி வரிசையில் நின்றோம். ஹஜ்ஜில் மழித்த நானாவின் மொட்டைத் தலையையும் அடையாள அட்டையிலிருந்த சுருட்டை முடியையும் ஆமிக்காரன் மாறி மாறிப் பார்த்தான். பிறகு கேனைத் தட்டினான். பெற்றோல் கொண்டுபோகத் தடையிருந்த காலம்.

"பெற்றோல்?"

"இல்லை சேர். மக்கத்துத் தண்ணி."

"செட்டிகுளம் தண்ணி இல்லே? ஊத்து!"

நானா அசையவில்லை. அவனே பறித்துச் சரித்தான். நானா இரண்டு கையையும் கீழே ஏந்தினார். விரலிடுக்கால் ஒழுகியது. சந்தையில் புதுச் சட்டி வாங்கிவந்த ஒரு பெண் என்னை இடித்துத் தள்ளிக்கொண்டு முன்னால் போனார்.

"ஊத்தத்தானே வேணும் ராசா? இதுக்குள்ள ஊத்து." என் பக்கம் திரும்பி, "நீ என்னடா மரம் மாதிரி நிக்கிறாய்? சாப்பாட்டுப் பெட்டியத் திற!"

திறந்தேன். மதியம் தின்ற கருவாட்டுக் குழம்பு உள்ளே ஒட்டிக்கிடந்தது. கழுவ நேரமேது? பின்னாலிருந்து போத்தல்களும் கோப்பைகளும் நீண்டன. அவனுக்கு ஊற்றச் சொல்லித்தான் கட்டளை, எங்கே ஊற்றுவதென்று யாரும் சொல்லவில்லைப்போல. சிரிப்பை அடக்கிக்கொண்டு ஒவ்வொன்றாக நிரப்பினான்.

தடையைத் தாண்டியதும் எல்லோரும் திரும்பக் கேனுக்குள் ஊற்றினார்கள். யாரும் ஒரு சொட்டும் குடிக்கவில்லை.

வீட்டில் நானா கரண்டியால் மனைவிக்குக் கொடுத்தார். அவர் மெல்ல விழுங்கினார். கொஞ்சம் யோசித்தார்.

"ஏங்க, மக்கத்தில கருவாடும் ஆக்கிறாங்களா?"

நானா என்னைப் பார்த்தார். நான் கூரையைப் பார்த்தேன். மனைவிக்கு வாயில் பாதிதான் அசையும். அந்தப் பாதியால் சிரித்தார்.

நானாவும் மனைவியும் இப்போது இல்லை. சட்டி வாங்கியவர் எந்த ஊர் என்றுகூட நான் கேட்கவில்லை. போன வருடம் அந்த வழியால் போனேன். சாவடி இருந்த இடத்தில் பஸ் நிற்காமல் ஓடியது. இங்கே என்ன இருந்தது தெரியுமா என்று கண்டக்டர் பெடியனைக் கேட்டேன்.

"இங்கயா? இங்க ஒண்டும் இருக்கேல்லையே ஐயா."

எவனையாவது பிடித்துத் திட்டவேண்டும்போல எப்போதும் இருக்கும் எனக்கு, சாவடியே தெரியாமல் வளர்ந்த அவனைக் கட்டிப்பிடிக்க வேண்டும்போல இருந்தது.