ஹோஸ்ட்ஸ் ஃபைலில் நான் எழுதிய வரி

சேந்தமங்கலத்தில் ஒரு பிளக்ஸ் பேனர் கடையில் டிசைனராக இருந்தேன். அதுவரை திருட்டு மென்பொருளில் வேலை செய்துவந்தோம். அந்த வருடம்தான் கடைக்கார அக்கா முறையாக உரிமம் வாங்கினார். போட்டுப் பார்த்தால், ‘உரிமம் செல்லாது’ என்றே திரையில் வந்தது.

“ஏனுங்க, செல்லாததையா எங்க தலைல கட்டுனீங்க?” மென்பொருள் நிறுவனத்தின் வாடிக்கையாளர் உதவிப் பிரிவுப் பெண்ணை அக்கா போனில் பிடித்துக்கொண்டார்.

எனக்குக் காரணம் தெரியும். திருட்டுப் பிரதி மாட்டிவிடக் கூடாதென்று, நிறுவனத்தின் சர்வரோடு எங்கள் கம்ப்யூட்டர் பேசாதபடி ஹோஸ்ட்ஸ் ஃபைலில் ஒரு வரி எழுதியிருந்தேன். அது இருக்கும்வரை புது உரிமத்தையும் சர்வரில் சரிபார்க்க முடியாது. அக்காவுக்கு அது தெரியாது. சத்தமில்லாமல் அழித்துவிடலாமென்று ஃபைலைத் திறந்தேன். சேமிக்கப் பாஸ்வேர்டு கேட்டது. அதைச் சென்ற மாதம்தான் அக்கா மாற்றியிருந்தார்.

அக்கா எதிரிலேயே நின்று கத்திக்கொண்டிருந்தார். அந்தப் பெண் திரும்பத் திரும்ப மன்னிப்புக் கேட்பது எனக்கும் கேட்டது.

“அக்கா, தப்பு அவங்க மேல இல்லீங்க. நான் பண்ணதுங்க,” என்று எல்லாவற்றையும் சொன்னேன்.

அக்கா என் முகத்தைப் பார்க்கவில்லை. குனிந்து பாஸ்வேர்டைத் தட்டினார். வரியை அழித்ததும் மென்பொருள் திறந்துகொண்டது.

“மன்னிச்சுக்க சாமி, கோளாறு எங்க பக்கந்தான்,” என்று அந்தப் பெண்ணிடம் சொல்லிவிட்டுப் போனை வைத்தார்.