முறிகண்டியிலேயே கேட்கும் எஞ்சின்

கிளிநொச்சி ஸ்டேஷனில், சற்று முன் போன ரயிலின் சூடான டீசல் மணம் மூக்கில் ஏறியதும், தண்டவாளத்தோரம் இருந்த எங்கள் பழைய வீட்டுக் குசினிக்குள் நிற்பதுபோல் இருந்தது. வெள்ளிக்கிழமைகளில் அப்பாவைக் கொழும்பிலிருந்து கொண்டுவரும் எஞ்சின், எங்கள் ஊரார் வாயில் 'இங்கிலீஷ் எஞ்சின்'. கனடா எஞ்சின்கள் அலறிக்கொண்டு வர, இது தொண்டையைச் செருமிக்கொண்டு அவசரமில்லாமல் வரும். எங்களுக்கு முந்தின ஸ்டேஷனான முறிகண்டியில் அதன் குரல் கேட்டு, அலுமாரிக் கண்ணாடி மெல்ல அதிரத் தொடங்கினால், "பிள்ளை, புட்டுக்குத் தண்ணி வை" என்பார் அம்மா.

பிறகு சண்டை வந்து ரயில் நின்றது. தண்டவாளத்துச் சிலிப்பர்க் கட்டைகள் நாங்கள் பதுங்க வெட்டிய பங்கருக்குக் கூரையாகின. ஷெல் விழுந்து நிலம் அதிர்ந்தால் அதற்குள் இறங்குவதே பழக்கமாகிப்போனது.

ரயில் திரும்ப ஓடத் தொடங்கிவிட்ட இன்று, கொழும்பில் நெஞ்சு ஒப்பரேஷன் முடிந்து வரும் அப்பாவுக்காக நானும் அம்மாவும் காத்திருந்தபோது மேடை அதிர்ந்தது. அம்மா என் ஐம்பது வயதுத் தலையை அமுக்கிக்கொண்டு குனிந்துவிட்டார். பக்கத்தில் நின்ற இரண்டு முதியவர்களும் குனிந்தார்கள். அப்போது அந்தச் செருமல் கேட்டது.

அம்மாவின் கை தளர்ந்தது.

"இங்கிலீஷ் எஞ்சின்தான்," என்றார். "நான் அப்பாவைக் கூட்டிக்கொண்டு வாறன். நீ வீட்டை போய்ப் புட்டுக்குத் தண்ணி வை."