ஏகாம்பரம் வீட்டுக் கூழ்

புளித்த கேப்பைக் கூழின் வாசம் வரப்பில் வந்ததுமே, சேற்றில் குனிந்திருந்த பெண்களின் நடவுப் பாட்டு திசை மாறிவிடும். அதுவரை மாரியம்மனைப் பாடிக்கொண்டிருந்த என் அம்மா, கூழ் அனுப்பிய நிலக்காரர் ஏகாம்பரத்தைப் பாட ஆரம்பிப்பாள். நடவில் பாடுவதைக் குற்றமாக எடுத்துக்கொள்ளக் கூடாது என்பது கண்டமங்கலம் பக்கத்து எங்கள் ஊர் வழக்கம் என்பதால், அவரும் காது கேளாதவர்போலக் குடைபிடித்து நிற்பார்.

"ஏகாம்பரம் வூட்டுக் கூழு
எட்டிப் பாத்தா என் மூஞ்சி
கையவுட்டுத் தேடினாலும்
கேப்பை எங்கடி காணமே"

ஆறாம் வகுப்பில் 'உழைப்பின் பெருமை' என்று கவிதைப் போட்டி வைத்தார்கள். உழைப்பைப் பற்றி எனக்குத் தெரிந்த கவிதை இது ஒன்றுதான். அப்படியே எழுதிக் கொடுத்தேன். விழுப்புரத்திலிருந்து பஸ்ஸில் வரும் ஆசிரியருக்கு ஏகாம்பரம் யாரென்று தெரியாது; முதல் பரிசு கொடுத்து, ஆண்டு விழாவில் வாசிக்கவும் சொல்லிவிட்டார். மேடையேறிப் பார்த்தால், பரிசு வழங்க மாலையோடு உட்கார்ந்திருப்பவர் சாட்சாத் ஏகாம்பரம். "தைரியமா வாசிம்மா" என்றார் ஆசிரியர். வாசித்துத் தொலைத்தேன்.

வீட்டுக்கு வந்ததும் அம்மா தலையில் அடித்துக்கொண்டாள். "சோத்துல மண்ண அள்ளிப் போட்டுட்டியேடி. சேத்துல பாடுறத மைக்குலயா பாடுவாங்க? நாளைக்கு எந்த மூஞ்சிய வெச்சிக்கினு நடவுக்குப் போறது?" அந்த நடவை விட்டால் எங்களுக்கு வேறு வேலை கிடையாது. எனக்கு அழுகை அழுகையாக வந்தது.

மறுநாள் அம்மா கடைசி வரிசையில் ஒளிந்துகொண்டு நட்டாள். நடுப்பகலில் அண்டா வந்தது. உள்ளே அகப்பை நட்டால் நிற்கிற கூழ். கூடவே வேர்க்கடலை அரைத்த மல்லாட்டைத் துவையல். ஏகாம்பரம் குடையை மடக்கிவிட்டு, "எங்க, இதையும் ஒரு பாட்டு பாடு பாக்கலாம்" என்றார். அம்மா தலையைத் தூக்காமலே, "நல்லாருந்தா பாட்டு வராதுங்க" என்றாள். அவரே முதலில் சிரித்துவிட்டார்.

இன்று அந்த வயலில் நடவு இயந்திரம் ஓடுகிறது. அண்டாவும் இல்லை, குடையும் இல்லை. அம்மா கம்பெனி வேனில் புதுச்சேரிக்குப் போய் அட்டைப்பெட்டி ஒட்டுகிறாள். போன வாரம் போனில் பேசும்போது, பின்னால் வேன் முழுக்கப் பெண்கள் பாடிக்கொண்டிருந்தார்கள்.

"பாஸ்கரு ஊத்தும் சாம்பாரு
பாத்திரம் பூரா என் மூஞ்சி
கையவுட்டுத் தேடினாலும்
பருப்பு எங்கடி காணமே"

பாஸ்கர்தான் அந்தக் கம்பெனியின் கேன்டீன் கான்ட்ராக்டர், திண்டிவனத்துக்காரர். நானும் திண்டிவனத்தில்தான் ஆசிரியையாக இருக்கிறேன். ஆண்டு விழாவில் கவிதைக்குப் பரிசு வழங்க யாரைக் கூப்பிடலாம் என்று தலைமையாசிரியர் நேற்று கேட்டார். பாஸ்கர் பெயரைச் சொல்லியிருக்கிறேன்.